ஊரில்லாத ஊராட்சித் தலைவர்

தாம்பரத்தில் ரயிலை விட்டு இறங்கி, கிழக்கே சைக்கிளை மிதித்துக்கொண்டே போனால், இனி நம்மால் ஆகாது என்று கால் சொல்லும் இடத்தில் ஓர் ஏரிக்கரை வரும். கரையைத் தாண்டினால் கருவேலங்காடு. காட்டுக்கு நடுவே ஒன்பது வீடுகள். அதற்குப் பெயர் மகாலட்சுமி நகர் எக்ஸ்டென்ஷன். எந்த மகாலட்சுமி நகருக்கு எக்ஸ்டென்ஷன் என்று மனை போட்டு விற்றவன் கடைசி வரை சொல்லவில்லை. அப்படி ஒரு நகர் அந்தச் சுற்றுவட்டாரத்திலேயே கிடையாது.

எண்பத்து நாலில் அங்கே முதல் வீடு கட்டியவர் வேதசிரோமணி. கிண்டியில் ஒரு போல்ட் நட்டு கம்பெனியில் ஸ்டோர் கீப்பர். சீட்டு இல்லாமல் ஒரு வாஷர்கூட அவர் கையை விட்டுப் போகாது. உலகத்தில் எந்தச் சாமானுக்கும் ஓர் அலமாரி உண்டு, அலமாரிக்கு ஒரு நம்பர் உண்டு என்பது அவருடைய நம்பிக்கை. பைபிளுக்கு அடுத்தபடி அதைத்தான் நம்பினார். அப்படிப்பட்ட மனிதர், எந்த அலமாரியிலும் சேராத ஓர் இடத்தில் போய் வீட்டைக் கட்டிக்கொண்டார், பாவம்.

விஷயம் இதுதான். ஏரிக்கு வடக்கே புங்கஞ்சேரி ஊராட்சி, தெற்கே ஏரிப்பாக்கம் ஊராட்சி. நடுவில் எக்ஸ்டென்ஷன். குடிதண்ணீர்க் குழாய் கேட்டு வேதசிரோமணி புங்கஞ்சேரிக்குப் போனார். “நீங்க ஏரிப்பாக்கம் இல்ல?” என்றார்கள். ஏரிப்பாக்கத்துக்குப் போனார். “நீங்க புங்கஞ்சேரி ஆச்சே!” என்று ஆச்சரியப்பட்டார்கள். தாம்பரம் நகராட்சிக்கே போய்விடலாம் என்று போனார். அங்கே சிரித்தார்கள். சிரித்தாலும் நாற்காலி போட்டு உட்கார வைத்துச் சிரித்தார்கள் என்பதை அவர் மறக்காமல் வீட்டில் சொன்னார்.

“நாற்காலியிலயா குடத்தை வெச்சுப் பிடிக்கறது?” என்று கேட்டாள் மெட்டில்டா. அவர் மனைவி.

அவளுக்குக் கேட்க உரிமை இருந்தது. எக்ஸ்டென்ஷனில் எங்கே தோண்டினாலும் உப்புத் தண்ணீர்தான். பருப்பு வேகாது, சோப்பு நுரைக்காது. நல்ல தண்ணீர் வேண்டுமென்றால் ஏரிக்கரையில் ஏறி இறங்கி, யாரோ ஒருவருடைய பம்புசெட்டில் கரண்ட் வரும்வரை காத்திருந்து, இடுப்பில் ஒன்றும் தலையில் ஒன்றுமாகக் கொண்டுவர வேண்டும். தினமும் அதைச் செய்தது மெட்டில்டா. வேதசிரோமணி செய்தது வேறு.

அவர் ஓர் அரசாங்கத்தை ஏற்படுத்தினார்.

யாரும் ஆளாத இடத்தில் யாராவது ஆளத்தானே வேண்டும்? ஒரு ஞாயிற்றுக்கிழமை சர்ச்சுக்குப் போய்வந்த கையோடு, ரங்கனுடைய எருமைக் கொட்டகையில் கூட்டம் போட்டார். ரங்கன், மனை போடுவதற்கு முன்பிருந்தே அங்கே குடிசை போட்டுப் பால் கறந்து விற்கிறவர். கூட்டத்துக்கு ரங்கனும் எருமைகளும் வந்தன. வேதசிரோமணி தலைவராக ஏகமனதாகத் தேர்ந்தெடுக்கப்பட்டார். மண்வெட்டி வைத்திருந்த காரணத்தால் ரங்கனுக்குப் பொதுப்பணித் துறை கிடைத்தது.

பிறகு சட்டங்கள் வந்தன. இருந்த இரண்டு தெருவுக்கும் பெயர் வைத்தார். வீட்டுக்கு ஓர் அரிக்கேன் விளக்கு வாசலில் தொங்க வேண்டும், அதுவே தெருவிளக்கு என்றார். தகரத்தில் ‘மெதுவாகச் செல்லவும்’ என்று எழுதி முனையில் நட்டார். எருமைகள் மட்டும் அந்தச் சட்டத்தை மதித்தன. அடுத்து, குறுகலான தெருவை ஒருவழிப் பாதையாக்கினார்.

“இன்னா சார் இது பேஜாரு!” என்றார் ரங்கன். “காலீல மேய்ச்சலுக்குப் போன மாடு சாயங்காலம் எப்டி சார் வூட்டுக்குத் திரும்பும்? ஊரச் சுத்திகினா வரும்?”

“சட்டம்னா எல்லாருக்கும் ஒண்ணுதான் ரங்கா.”

“அத்த நீயே மாட்டாண்ட சொல்லு சார்.”

சட்டம் மறுவாரம் திருத்தப்பட்டது.

இப்படி அவர் எதை வேண்டுமானாலும் ஆள முடிந்தது, தண்ணீரைத் தவிர. அதற்கு மேலே மனு போட வேண்டியிருந்தது. போட்டார். சளைக்காமல் போட்டார். எண்பத்தெட்டு வாக்கில் ஒரு வழியாகத் தாலுகா ஆபீஸிலிருந்து ஒரு சர்வேயர் சங்கிலியைத் தூக்கிக்கொண்டு வந்தார். இரண்டு ஊருக்கும் நடுவில் ஓர் எல்லைக்கல் இருக்க வேண்டும், அதைக் கண்டுபிடித்தால் நொடியில் சொல்லிவிடலாம் என்றார். முள்ளுக்குள் புகுந்து தேடிச் சட்டையைக் கிழித்துக்கொண்டதுதான் மிச்சம்.

“அந்தக் கல்லா சார்?” என்றார் ரங்கன். “அத்த எப்பவோ எவனோ வூட்டு வாசப்படிக்கு எட்த்துகினு பூட்டான்.”

சர்வேயர் மெட்டில்டா கொடுத்த டீயை ஒரு வாய் குடித்தார். உப்புத் தண்ணீர் டீ. மறுவாய் குடிக்காமல் எழுந்துகொண்டார். போகிற போக்கில் ஒரு யோசனை சொன்னார். “சார், கல்லு காணாமப் போன இடத்துல நாங்க ஊரைத்தான் கேப்போம். ஆடி மாசம் அம்மன் எல்லை சுத்துமில்ல? எந்த ஊர் அம்மன் உங்க தெருவுக்குள்ள வருதோ, நீங்க அந்த ஊர். வந்த அன்னிக்கு எனக்கு ஒரு வரி எழுதுங்க, முடிச்சுக் கொடுத்துடறேன்.”

சொன்னதற்கு மண்டையை ஆட்டிவிட்டு வேதசிரோமணி உள்ளே வந்து உட்கார்ந்தார். புங்கஞ்சேரியில் பிடாரியம்மன், ஏரிப்பாக்கத்தில் செல்லியம்மன். இரண்டும் ஆடியில் தத்தம் எல்லையைச் சுற்றிவரும். ஆனால் வெறும் முள்காட்டில் அம்மனுக்கு என்ன வேலை? அது வடக்கிலிருந்து வந்து காட்டைப் பார்த்ததும் திரும்பிவிடும், இது தெற்கிலிருந்து வந்து திரும்பிவிடும். இப்போது காட்டில் வீடு முளைத்த செய்தி இரண்டு அம்மன்களுக்கும் போய்ச் சேரவில்லை. சேர்த்தாக வேண்டும். சேர்க்க வேண்டியவர் மூன்று தலைமுறை கிறிஸ்தவர்.

தேங்காய் பழத் தட்டோடு அவர் இரண்டு ஊர் தர்மகர்த்தாக்களையும் பார்க்கப் போனது சபையில் ஆயர் காதுக்கு எட்டிவிட்டது. ஆயர் கூப்பிட்டு விசாரித்தார்.

“கும்பிடறதுக்கு இல்லீங்க ஐயா,” என்றார் வேதசிரோமணி. “குழாய்க்கு.”

சரி, போங்கள் என்றார் ஆயர். அவர் வீட்டிலும் தண்ணீர்க் கஷ்டம்தான்.

தர்மகர்த்தாக்கள் மரியாதையாகத்தான் பேசினார்கள். தட்டையும் வாங்கி வைத்துக்கொண்டார்கள். ஆனால் அம்மன் போகிற பாதையை மனுஷன் மாற்ற முடியுமா? அம்மனே உத்தரவு கொடுக்க வேண்டும். ஒவ்வொரு வருஷமும் தட்டோடு போனார். ஒவ்வொரு வருஷமும் அம்மன் வாயைத் திறக்கவில்லை.

இதற்கிடையில் தொண்ணூற்றொன்றில் ஊராட்சிகளின் காலம் முடிந்தது. அடுத்த தேர்தல் நடக்கவில்லை. இரண்டு ஊரிலும் தலைவர்கள் வீட்டுக்குப் போனார்கள். பத்துப் பதினைந்து ஊருக்குச் சேர்த்து ஒரே ஒரு தனி அலுவலர். அவரைப் பார்க்க வேதசிரோமணி போனபோது அவர் தலைக்கு மேல் கோப்பு அடுக்கியிருந்தது. “எங்களுக்கு ஊராட்சியே இல்லை சார்” என்று இவர் ஆரம்பித்ததும், அந்த மனிதர் கண்ணாடியைக் கழற்றிவிட்டுச் சொன்னார்: “உங்களுக்காவது தலைவர்னு நீங்க ஒருத்தர் இருக்கீங்க. என்கிட்ட இருக்கற ஊர் எதுக்கும் அதுவும் இல்லை.”

அங்கேதான் வந்தது வினை. அந்தப் பக்கத்திலேயே தலைவர் உள்ள ஒரே ஊர் நம் ஊர்தான் என்ற எண்ணம் வேதசிரோமணியின் தலைக்கு ஏறிவிட்டது. வெள்ளைச் சட்டைக்கு மேல் துண்டு வந்தது. புங்கஞ்சேரியில் வேலித் தகராறு என்றால்கூட, கேட்க வேறு நாதியில்லாமல், இவரைக் கூப்பிட ஆரம்பித்தார்கள். ‘தலைவரே’ என்றார்கள். கம்பெனியில் அவரை யாரும் அப்படிக் கூப்பிட்டதில்லை. மனு போடுவது குறைந்தது. அந்த வருஷம் தட்டை எடுத்துக்கொண்டு போகவும் மறந்துபோனார். யாருக்கும் சொந்தமில்லாமல் இருப்பதிலும் ஒரு சுகம் இருக்கத்தான் செய்கிறது என்று ரங்கனிடம் தத்துவம் பேசினார்.

மெட்டில்டா தத்துவம் பேசவில்லை. தொண்ணூற்றாறு கோடையில் ஏரிக்கரையில் குடத்தோடு விழுந்தாள். எலும்பு முறியவில்லை. ஆனால் தாம்பரம் டாக்டர், இனி குடம் தூக்கினால் இடுப்பு போய்விடும் என்று கண்டிப்பாகச் சொன்னார். வீட்டுக்கு வந்து பாயில் படுத்தபடி அவள் கணவரைக் கூப்பிட்டாள்.

“இந்த ஆடி முடியறதுக்குள்ள நம்ம வாசல்ல நல்ல தண்ணி வரணும். இல்லேன்னா நான் பல்லாவரத்துல அக்கா வீட்டுக்குப் போயிடறேன். கோபத்துல சொல்லலைங்க. என்னால முடியலை. நீங்க உங்க நகரை ஆண்டுகிட்டு இருங்க.”

அவள் குரலை உயர்த்தவில்லை. அதுதான் அவரைக் கலக்கியது. அன்று குடங்களை அவர் எடுத்துக்கொண்டு போனார். ஒரு நடை கொண்டுவருவதற்குள் மூச்சு வாங்கியது. கரையில் குடத்தை இறக்கி வைத்துவிட்டு, இவள் எப்படி இத்தனை வருஷம் சுமந்தாள் என்று நினைத்தார். வெட்கமாக இருந்தது. துண்டைச் சும்மாடாகச் சுற்றித் தலையில் வைத்தார்.

அந்தச் சமயத்தில்தான், வருகிற ஐப்பசி வாக்கில் உள்ளாட்சித் தேர்தல் என்று செய்தி வந்தது. புங்கஞ்சேரியில் தலைவருக்கு நிற்கப்போகிறவர் கேசவன், தண்ணீர் லாரி வைத்து ஓட்டுகிறவர். ஏரிப்பாக்கத்தில் குப்புராஜ், செங்கல் சூளைக்காரர். இருவருக்கும் அவரவர் ஊரில் எதிராளி பலம். பத்து இருபது ஓட்டு அப்படி இப்படிப் போனால் கதை கந்தல். எக்ஸ்டென்ஷனில் எத்தனை ஓட்டு என்று இருவரும் ஒரே நேரத்தில் எண்ணிப் பார்த்திருக்க வேண்டும். இத்தனை வருஷமாக வாயைத் திறக்காத இரண்டு அம்மன்களும் ஒரே வாரத்தில் உத்தரவு கொடுத்துவிட்டார்கள்.

ஆடி ஞாயிற்றுக்கிழமை, உச்சி வெயில். வடக்கிலிருந்து பம்பை உடுக்கையோடு பிடாரியம்மன் வந்தாள். தெற்கிலிருந்து செண்டை மேளத்தோடு செல்லியம்மன் வந்தாள். முதல் நாள் பெய்த மழையில் தெரு சேறாகக் கிடந்தது. இரண்டு கூட்டமும் முட்டிக்கொண்ட இடம் தலைவர் வீட்டு வாசல். பல்லக்குக்குப் பல்லக்கு ஒரு கைதான் இடைவெளி. நடுவில், காலையில் சர்ச்சுக்குப் போட்டுக்கொண்டு போன பேண்டோடு வேதசிரோமணி.

“தலைவரே, நீங்க எங்க ஊரு. அம்மனே வந்துட்டா, பாருங்க,” என்றார் கேசவன்.

“இன்னாய்யா உங்க ஊரு? அம்மா காலாகாலமா எங்க எல்லைல கீறா,” என்றார் குப்புராஜ்.

அந்தப் பக்கத்தில் ஒரு வழக்கம். வாசலுக்கு அம்மன் வந்தால், தூக்கி வருகிறவர்கள் காலில் அந்த வீட்டுப் பெண் தண்ணீர் ஊற்ற வேண்டும். ஊற்றாமல் பல்லக்கு நகரக் கூடாது, கீழேயும் இறக்கக் கூடாது. யார் காலில் முதல் தண்ணீர் விழுகிறதோ, அந்த அம்மனை அந்த வீடு ஏற்றுக்கொண்டது என்று கணக்கு. ஊரே மெட்டில்டாவைப் பார்த்தது.

அவள் இடுப்பைப் பிடித்துக்கொண்டு மெதுவாக வாசலுக்கு வந்தாள். காலிக் குடத்தைக் கவிழ்த்துக் காட்டினாள்.

“தண்ணி இல்ல.”

பம்பை நின்றது. செண்டையும் நின்றது.

“கிணத்துல கீதேம்மா?” என்றார் ஒருவர்.

“உப்புத் தண்ணியை அம்மனுக்கு ஊத்தச் சொல்றீங்களா?”

மெட்டில்டா சொன்னாள்: “யார் தண்ணி முதல்ல இந்த வாசலுக்கு வருதோ, அந்த அம்மனுக்கு முதல் குடம். ஆனா இன்னிக்கு மட்டும் வந்தாப் போதாது. குழாய் போடற வரைக்கும் தினம் வரும்னு உங்க அம்மன் முன்னாடி கற்பூரம் அணைச்சுச் சத்தியம் பண்ணணும்.”

பல்லக்குத் தூக்கியவர்களுக்குத் தோள் விண்விண் என்றது. “சீக்கிரம் பண்ணித் தொலைங்கப்பா!” என்று இரண்டு பக்கமும் குரல் வந்தது. கேசவனும் குப்புராஜும் ஆளுக்கொரு சைக்கிளில் ஆள் அனுப்பினார்கள். கேசவனின் லாரிதான் முதலில் வந்தது, புத்தம் புது லாரி. ஆனால் எந்த ஊராட்சியும் போடாத தெருவில் அது எப்படி வரும்? முனையிலேயே அச்சுவரை சேற்றில் இறங்கிவிட்டது. சேற்றில் பழகிய குப்புராஜின் சூளை டிராக்டர், பின்னால் டேங்கரோடு, குலுங்கிக் குலுங்கி அதைத் தாண்டி வந்து வாசலில் நின்றது. குப்புராஜ் செல்லியம்மன் முன்னால் கற்பூரத்தை ஏற்றி, உள்ளங்கையால் அடித்து அணைத்தார். சத்தியம் பண்ணிய கை சுட்டதில் கண்ணில் நீர் வந்தது. அந்தச் சத்தியத்திலிருந்து இனி தப்பிக்க முடியாது.

எக்ஸ்டென்ஷன், அந்த நிமிஷம், ஏரிப்பாக்கம் ஆனது. காலில் குடம் ஊற்றுவதுதான் பாக்கி. ரங்கன் தொட்டி, அண்டா, பால் கேன் என்று கிடைத்ததை எல்லாம் நிரப்பினார். மெட்டில்டா ஒரு கை அள்ளிக் குடித்தாள். நல்ல தண்ணீர். இன்னொரு கை அள்ளி முகத்தில் அடித்துக்கொண்டாள். பிறகு, “ஒரு நிமிஷம்” என்று சொல்லிவிட்டு உள்ளே போனாள்.

ஒரு நிமிஷம் ஆயிற்று. பல நிமிஷங்கள் ஆயின.

“இன்னா தலைவரே, அம்மா எங்க?” என்றார் குப்புராஜ். “முதல் தண்ணி அவங்களுக்குன்னா, ரெண்டாவதாவது ஊத்திட்டு எங்களை அனுப்புங்க,” என்றார் கேசவன். வேதசிரோமணி உள்ளே ஓடினார். குளியலறைக் கதவு சாத்தியிருந்தது. உள்ளே சொம்பு சொம்பாகத் தண்ணீர் விழும் சத்தம். நடுநடுவே ஒரு ஞானப்பாட்டு. வெட்கமில்லாமல், வாய் நிறைய. கல்யாணமான புதிதில், பல்லாவரத்தில் வாடகை வீட்டில் அவள் அப்படிப் பாடுவாள். இந்த வீட்டுக்கு வந்த பிறகு பாடவில்லை. பாடவில்லை என்பதைக்கூட அவர் கவனித்ததில்லை.

“மெட்டில்டா, ரெண்டு ஊரும் வாசல்ல நிக்குது,” என்றார்.

“தலைக்கு ஊத்திக்கறேங்க,” என்றாள் அவள் உள்ளிருந்து.

வேதசிரோமணி முகத்தைத் துடைத்துக்கொண்டு வாசலுக்கு வந்தார். இரண்டு அம்மன்கள், இரண்டு வேட்பாளர்கள், இரண்டு ஊர் ஜனம். எல்லோரும் அவர் வாயையே பார்த்தார்கள்.

“எங்க வீட்டம்மா குளிக்கறாங்க,” என்றார் தலைவர். “முடிச்சுட்டுத்தான் வருவாங்க. இருங்க.”

அத்தனை வருஷத்தில் அவர் போட்ட உத்தரவுகளில் ஊர் மறுபேச்சில்லாமல் கேட்டது அந்த ஒன்றைத்தான். பல்லக்குக்காரர்கள் தோள் மாற்றிக்கொண்டு நின்றார்கள்.