நளன் குளத்தில் போன சட்டை

திருநள்ளாற்றில் எங்கள் லாட்ஜில் தங்க வந்த அவருக்கு ஐம்பது வயதிருக்கும். ஒடிசலான உடம்பில் தொளதொளவென்று ஒரு நீலக்கட்டச் சட்டை. அதன் காலரைத் தடவிக்கொண்டேதான் பேசுவார்.

மறுநாள் காலை ஈரவேட்டியும் வெற்று மார்புமாக ஓடிவந்தார். நளன் குளத்தில் நல்லெண்ணெய் தேய்த்து முழுகுகிறவர்கள் உடுத்தி வந்த துணியைக் கரையிலேயே விட்டுவிடுவார்கள். இவர் படியில் மடித்து வைத்த சட்டையையும், பீடை ஒழியட்டும் என்று கூட வந்த மைத்துனர் அந்த ஈரத்துணிக் குவியலில் போட்டுவிட்டாராம்.

"எம் பையன் சட்டைங்க. போன வருஷம் பைக்குல அடிபட்டுப் போயிட்டான். மத்த துணியெல்லாம் கருமாதியன்னிக்கே குடுத்துட்டாங்க. இது ஒண்ணுதாங்க மிச்சம்."

நானும் கூடப் போனேன். துணிகளை வாரி வண்டியில் ஏற்றிக்கொண்டிருந்த பெண்கள் விஷயம் தெரிந்ததும் தாங்களும் தேடினார்கள். நீலக்கட்டத்திலேயே எத்தனையோ சட்டைகள். ஒவ்வொன்றாக முகர்ந்து பார்த்தார். எல்லாவற்றிலும் நல்லெண்ணெய் வாடைதான்.

கடைசியில் ஒரே மாதிரியான இரண்டு சட்டைகளோடு என்னைப் பார்த்தார்.

"உடம்புலயே கெடந்துச்சு, உத்துப் பாக்காம இருந்துட்டேனே. நேத்து நீங்க பாத்தீங்களே தம்பி, இதுல எதுங்க?"

நானும் இரண்டையும் புரட்டிப் பார்த்தேன். ஒன்றுபோலவே இருந்தன.

"காஞ்சா தெரிஞ்சிடும்" என்று அவரே சொல்லிக்கொண்டு, இரண்டையும் எங்கள் மாடிக் கொடியில் போட்டார். பகல் முழுவதும் வெயிலில் அவற்றின் எதிரிலேயே உட்கார்ந்திருந்தார்.

சாயங்காலம் புறப்படும்போது மைத்துனரின் சட்டையைப் போட்டிருந்தார். அந்த இரண்டும் மடித்துக் கைப்பையில் இருந்தன.