அக்கம்மாளின் நாலாவது கட்டம்

இன்று சந்தித்தது அக்கம்மாளை. கூப்பிட்டால் நிமிர மாட்டார். தண்ணீர்த் தொட்டிக்குள் சைக்கிள் ட்யூபை அமுக்கிப் பிடித்து, விரலால் நகர்த்தி நகர்த்திக் காற்றுக் குமிழ் வரும் இடத்தைத் தேடிக்கொண்டிருந்தார். வாடகைக்குச் சைக்கிள் கேட்டு வந்தவர் மூன்று தரம் "அக்கா" என்றார். நாலாவது தரம் குமிழ் வந்தது. அந்த இடத்தில் கட்டைவிரலை வைத்துக்கொண்டுதான் அக்கம்மாள் வாயைத் திறந்தார்.

"வண்டி எங்குட்டும் ஓடிராது தம்பி. காத்துத்தான் ஓடிரும்."

காரைக்குடி கல்லுக்கட்டிக்குப் பின்னால் ஒரு சந்தில் இருக்கிறது அவருடைய வாடகை சைக்கிள் கடை. கணவர் இறந்த முப்பதாம் நாள் தானே பலகையைக் கழற்றி வைத்துக் கடையைத் திறந்தவர், பதினோரு வருடமாகிறது. பன்னிரண்டு சைக்கிள். ஒவ்வொன்றிலும் முனிசிபாலிட்டி லைசென்ஸ் வில்லை, அதற்குப் பக்கத்தில் வெள்ளைப் பெயிண்டில் அவர் கையெழுத்தில் நம்பர். ஒன்றிலிருந்து பதின்மூன்று வரை. எட்டு கிடையாது, அதை எடுத்துப்போக எவரும் சம்மதிப்பதில்லை. எழுதிப் பழகிய கை சும்மா இருக்குமா? முக்காலிக்குப் பதினாலு, காற்றடிக்கும் பம்புக்குப் பதினைந்து, வாசலில் கட்டிக் கிடக்கும் வெள்ளாட்டின் கழுத்தில் தொங்கும் தகரத்தில் பதினாறு.

இத்தனை வண்டிக்கும் பிரேக் பார்த்து அனுப்புகிறவர், ஒரு நாளும் ஒரு வண்டியைத் தெருவில் மிதித்ததில்லை. ஸ்டாண்டைப் போட்டு, பெடலைக் கையால் சுற்றிப் பார்ப்பதோடு சரி. பெண்பிள்ளை சைக்கிளில் ஏறினால் அந்தச் சந்தே வேலையைப் போட்டுவிட்டு வந்து நிற்கும்.

போன ஐப்பசியில் மழை கொட்டி ஊருக்கு மேற்கே கண்மாய் நிரம்பியபோது அக்கம்மாளுக்கு அந்த யோசனை வந்தது. நாலு தார் டிரம். மேலே பலகை. பலகையில் இரண்டு சைக்கிள் சீட், இரண்டு ஜோடி பெடல், ஒரு செயின். செயின் சுற்றினால் பின்னால் மரத் துடுப்புச் சக்கரம் தண்ணீரைத் தள்ளும். முன்னால் ஒரு ஹேண்டில்பார், அதில் மணி. கார்த்திகையில் ஒரு ஞாயிற்றுக்கிழமை அதைக் கண்மாயில் இறக்கி, ஏறி உட்கார்ந்து, மிதித்தார். நாற்பது வயதில் முதல் முறையாக மிதித்தார். கரையில் நின்ற பெண்கள் துணி துவைப்பதை நிறுத்திவிட்டுப் பார்த்தார்களாம்.

மூன்றே ஞாயிறுதான். நாலாவது ஞாயிறு போனால் படகு மடைக்கல்லோடு சங்கிலி போட்டுப் பூட்டிக் கிடக்கிறது. கண்மாயில் மீன் குத்தகை எடுத்திருக்கும் சேதுபதி கரையில் நின்றார்.

"நம்பர் இல்லாத போட்டு திருட்டுப் போட்டு ஆத்தா. நாளைக்கு மீன் கொறஞ்சா நான் யாரைக் கேக்குறது? சர்க்கார் நம்பரோட வா, தெறந்து விடுறேன். மாசி பிறக்குறதுக்குள்ள வரலையா, டிரம்மப் பிரிச்சு மீன் அள்ளப் போட்டுக்கிருவேன்."

வேறு யாராக இருந்தாலும் சண்டைக்குப் போயிருப்பார்கள். அக்கம்மாளுக்கு அது நியாயமாகப் பட்டது. "நம்பர் இல்லாத வண்டிய நானே வெளிய விடமாட்டேன். அவரு கேட்டது சரிதான். வாங்கிட்டு வந்து அவரு மூஞ்சிக்கு நேரா எழுதுறதுன்னு வச்சுக்கிட்டேன்."

படகுக்கு நம்பர் தரும் சர்க்கார் ஆபீஸில் குமாஸ்தா சத்தியமூர்த்தி ஒரு படிவத்தைத் தேடி எடுத்தார். முப்பத்தெட்டாம் வருடம் அச்சடித்தது. இப்போது நடப்பது எழுபத்திரண்டு. படகு எதற்கு என்ற கேள்விக்கு எதிரே மூன்று கட்டம்: மீன் பிடிக்க, சரக்கு ஏற்ற, ஆட்களை அக்கரை சேர்க்க.

"உங்களுது எதும்மா?"

"சும்மா சுத்தி வர."

"சும்மாவுக்குக் கட்டம் இல்லையே."

"போட்டுக்கிறுங்க. கோடு இழுக்க அடிக்குச்சி வேணுமா?"

சத்தியமூர்த்தி கெட்ட மனிதர் இல்லை. மீன் பிடிக்க என்று எழுதித் தருகிறேன், சத்தமில்லாமல் வாங்கிப் போங்கள் என்றார்.

"அப்ப சேதுபதி அண்ணன் என்னய மீன் திருடிம்பாரு. நீங்க எழுதிக் குடுத்ததால அது உண்மையாப் போயிரும்."

"அட, பெடலு, சீட்டு, பெல்லு எல்லாம் இருக்குங்கிறீக. சைக்கிளுன்னு சொல்லி முனிசிபாலிட்டில ஒரு வில்லை வாங்கி அடிச்சு விடுங்களேன்."

"ரோட்டுல ஓட்டிக் காட்டுறீகளா? ஓடுச்சுன்னா சைக்கிள்."

ஏழு திங்கட்கிழமை. காலையில் கடையைத் திறக்கிறதற்கு முன் ஆபீஸ் வாசலில் போய் உட்காருவார். ரேடியோவுக்கு லைசென்ஸ் இருக்கிறது, நாய்க்கு வில்லை இருக்கிறது, ஒரு மனுஷி ஆசைப்பட்டதற்கு மட்டும் ஏன் நம்பர் இல்லை என்று வருகிறவர் போகிறவரிடம் எல்லாம் கேட்பார். ஏழாவது திங்களில் சத்தியமூர்த்தி கையெடுத்துக் கும்பிட்டார். ஞாயிற்றுக்கிழமை வந்து பார்க்கிறேன், மூழ்காமல் இருந்தால் யோசிக்கலாம் என்றார்.

அந்த ஞாயிறுதான் இன்று. மாசி பிறக்க மூன்று நாள் இருக்கிறது. கண்மாயில் தண்ணீர் வற்றி நடுவில்தான் கிடக்கிறது. சேதுபதி பூட்டைத் திறந்துகொண்டே சிரித்தார். "இடுப்புத் தண்ணியில என்ன கப்பல் சோதனை?"

வெளுத்த வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு சத்தியமூர்த்தி வலது சீட்டில் ஏறினார். அக்கம்மாள் இடது சீட்டில். சக்கரம் சுற்றியது. கண்மாயின் நட்டநடுவில் அக்கம்மாள் மிதிப்பதை நிறுத்தினார்.

"ஏன் நிப்பாட்டிட்டீக?"

"சோதனை முடிஞ்சிருச்சுல்ல சார். முங்கல." மடியிலிருந்து ட்யூபை வெட்டித் தைத்த ஒரு உறையை எடுத்தார். உள்ளே நனையாமல் படிவமும் பேனாவும். "எழுதிருங்க."

"ஆபீசுல போய் எழுதுறேன்மா."

"ஏழு வாரமா ஆபீசுலதான் எழுதுறேன்னீக."

"கரைக்கு விடுங்க மொதல்ல."

"நான் தடுக்கல சார். இடுப்பளவுதான், இறங்கி நடந்தே போகலாம். வேட்டிதான் நனையும்."

அவர் தண்ணீரைப் பார்த்தார். கரையில் சிரிக்கும் சேதுபதியைப் பார்த்தார். பிறகு, ஏனோ, அவருக்கும் சிரிப்பு வந்துவிட்டது. படிவத்தைத் தொடையில் வைத்து, மூன்று கட்டத்துக்கும் கீழே நாலாவதாக ஒரு கட்டம் இழுத்தார். உள்ளே எழுதினார்: சும்மா சுற்றி வர. இந்த வகையில் இதற்கு முன் எவரும் கேட்டதில்லை, ஆகவே எண் ஒன்று. கையெழுத்துப் போட்டார்.

"மேல கேட்டா நான் என்ன சொல்றது?"

"கேக்குறவகள ஒரு ஞாயித்துக்கிழம இங்குட்டு அனுப்பி வைங்க. வலது சீட்டு காலியாத்தான் கெடக்கு."

கரைக்கு வந்ததும் சேதுபதி படிவத்தை வாங்கித் திருப்பித் திருப்பிப் பார்த்தார். "சீல் இல்லையே ஆத்தா."

"நாளைக்கு வச்சுத் தர்றேங்கிறாரு. பெயிண்டு காயவும் நாளைக்காகும்ணே. ரெண்டும் சேந்தே ஆகட்டும்." பேசிக்கொண்டே டிரம்மின் மேல், சேதுபதி நிற்கும் பக்கமாக, முழ நீளத்துக்கு வெள்ளைப் பெயிண்டில் ஒன்று என்ற நம்பரை இழுத்தார். சேதுபதி சங்கிலியைச் சுருட்டித் தோளில் போட்டுக்கொண்டார்.

காரைக்குடிப் பக்கம் வருகிறவர்கள் தண்ணீர் வற்றுவதற்குள் அந்தக் கண்மாய்க்கு ஒரு ஞாயிறு போய்விட்டு வாருங்கள். கேட்டால் அக்கம்மாள் ஏற்றிக்கொள்வார். எதற்கு என்று மட்டும் கேட்காதீர்கள்.

சத்தியமூர்த்தியும் சேதுபதியும் போன பிறகு அக்கம்மாள் தனியாக மறுபடி ஏறினார். எதிரே ஆள் இல்லை, வண்டி இல்லை, ஒரு கொக்குகூட இல்லை. கண்மாயின் நடுவுக்குப் போய் நிமிர்ந்து உட்கார்ந்து, வழி விடச் சொல்கிறவர் மாதிரி, இரண்டு தரம் மணியை அடித்தார்.