நானா நிறுத்திய ஒப்பாரி

ஹமீது நானா போய்விட்டாராம். காலையில் கட்டுகஸ்தோட்டைப் பள்ளிவாசல் ஸ்பீக்கரில் மௌத்து அறிவித்தார்கள்... போட்ட கோப்பி அப்படியே ஆறிக் கிடக்கிறது.

பாலத்தடியில் ரேடியோ ரிப்பேர் கடை வைத்திருந்தாரே, ஊரே அண்ணன் முறையில் நானா என்று கூப்பிடுமே, அவர்தான். நான் எத்தனையோ வருஷமாக முகம் கொடுத்துப் பேசாத மனிதர்.

யுத்த நேரம் என் தங்கச்சி கிளிநொச்சியில் வாழ்க்கைப்பட்டிருந்தாள். பாதை பூட்டு, போன் இல்லை. நானா கடையில் உட்கார்ந்து பேசி, கசெட்டில் ரெக்கோட் பண்ணி, வவுனியாப் பக்கம் போகிறவர்களிடம் கொடுத்துவிடுவோம்.

அங்கே பெட்டரி கிடையாது. சைக்கிளைக் கவிழ்த்து, பெடலைச் சுற்றி, டைனமோவில் கேட்பாள். "அவரு சுத்திக் களைச்சா டேப் மெதுவாகி நீ ஆம்பளக் குரல்ல பேசுற அக்கா" என்று பதில் கசெட்டில் சிரிப்பாள்.

அம்மா செத்தபோது அவளால் வர முடியவில்லை. செய்தியைச் சொல்லி, அவளும் கூட அழட்டும் என்று ஒப்பாரியை முழுசாகப் பாடி அனுப்பினேன்.

அனுப்பினேன் என்று நினைத்தேன்... நான் அழ ஆரம்பித்ததுமே நானா பட்டனை அமத்தி ரெக்கோடை நிறுத்திவிட்டார். எனக்குத் தெரியாது.

பதில் வந்தது. "பஸ் டைம் சொல்ற மாதிரி அம்மா செத்தத சொல்லிட்ட. ஒரு சொட்டுக் கண்ணீர் வரலயா ஒனக்கு? இனி எனக்குக் கசெட் அனுப்பாத."

கடைக்கு ஓடினேன்.

"மௌத்துக்கு சத்தம் போட்டு அழப்படாது தங்கச்சி. அங்க தாய்வீட்ட விட்டுத் தனியா ஈக்கிற புள்ள தாங்குமா?" என்றார்.

"அது ஒங்க வழக்கம் நானா. நாங்க அழுதுதான் அனுப்புவோம். ஒங்கள யாரு கேட்டா?"

வேறு கடையில் பாடி இன்னொன்று அனுப்பினேன். கொண்டுபோனவர் வவுனியாவைத் தாண்ட முடியாமல் கசெட்டோடு திரும்பி வந்தார். கடைசிச் சண்டையில் தங்கச்சியும் போய்விட்டாள். அந்தக் கோபத்தோடேயே...

ஒவ்வொரு பெருநாளுக்கும் நானா வட்டிலப்பம் கொடுத்தனுப்புவார். மூடியைத் திறக்காமல் திருப்பி அனுப்புவேன். ஒருதரம் சந்தையில் எதிரே வந்து, "மாப்பு செய்யுங்க தங்கச்சி" என்று மன்னிப்புக் கேட்டார். நான் கத்தரிக்காய் பொறுக்கிக்கொண்டு நின்றேன்.

அன்றைக்கு அந்தக் கடையில் நான் அழுததற்கு அவர் ஒருவர்தான் சாட்சி.

போயிட்டு வாங்க நானா. கோபம் இன்னும் போகவில்லை. அங்கே என் தங்கச்சியைக் கண்டால் நீங்களே சொல்லிவிடுங்கள்... ஒங்க அக்கா அழுதாங்க, நான்தான் நிறுத்தினேன் என்று.