ஆளில்லாத குடமும் காலி நாற்காலியும்

குழாயடியில் திட்டு வாங்கியபோதுதான் எனக்கு அந்த யோசனை பிறந்தது.

மழை பொய்த்த வருஷம். எங்கள் மயிலாப்பூர்ச் சந்தில் விடியற்காலையில் கொஞ்ச நேரம் தண்ணீர் வரும். எனக்கு முன்னால் ஒரு பித்தளைக் குடம் ஆளில்லாமல் நின்றது. அதை ஓரமாகத் தள்ளிவிட்டு என் குடத்தை வைத்தேன்.

"இன்னா நைனா, அங்க ஒரு குடம் நின்னுச்சே, கண்ணு தெர்ல?" பின்னால் நின்ற மீன்கார அக்கா கேட்டார்.

"ஆளே காணோமேக்கா."

"ஆளு இல்லன்னா இன்னா? குடம் கீதுல்ல? கொயந்தய ஆஸ்பத்திரிக்குத் தூக்கிக்கினு போய்க்கீறா. நீ புடிச்சிக்கோ, வேணாங்கல. அவ வந்தா அடுத்த தண்ணி அவளுக்குத்தான். வக்கீலாம், வரிசை தெர்லயாம்!"

வரிசை முழுக்கச் சிரித்தது. முந்தின நாளெல்லாம் நானும் சீனியரும் முட்டிக்கொண்டிருந்த வழக்கு அப்படியே கண்ணெதிரே நின்றது.

எங்கள் கட்சிக்காரர் ஓர் அம்மா, அரசு அலுவலகத்தில் தட்டச்சர். அங்கே உதவியாளர் பதவி ஒன்று காலியானது. இடஒதுக்கீட்டுச் சுழற்சிப்படி அது தாழ்த்தப்பட்டோருக்கு உரிய இடம். அப்போது தகுதியானவர் யாரும் இல்லை. அந்தப் பிரிவைச் சேர்ந்த இவருக்கே துறைத் தேர்வில் ஒரு தாள் பாக்கி. மறு வருஷம் தேறினார். தேறிய கையோடு, வேறு துறையிலிருந்து பொதுப் பிரிவுக்காரர் ஒருவரைப் பணிமாற்றத்தில் கொண்டுவந்து அந்த இடத்தில் நியமித்துவிட்டார்கள். முறை வந்தபோது ஆள் இல்லை, ஆகவே முறை போய்விட்டது என்று துறை சொன்னது. அது திரும்பச் சுற்றி வருவதற்குள் இந்த அம்மா தட்டச்சராகவே ஓய்வு பெற்றுவிடுவார்.

மனு முதன்முதலில் எடுக்கப்பட்ட நாள் இன்னும் கண்ணில் நிற்கிறது. பதில் தாக்கல் செய்யும்படி நீதிபதி சொன்னதும், அரசு வழக்கறிஞர் எழுந்து தலை வணங்கினார். பின் பெஞ்சில் கைப்பையை அணைத்துக்கொண்டிருந்த அம்மா என்னிடம் குனிந்து, "எனக்காகவா சார் எழுந்தாரு?" என்றார். ஆமாம் என்றேன். ஒரு தட்டச்சருக்குப் பதில் சொல்ல ஒரு சர்க்காரே எழுந்து நிற்கிறது!

குழாயடியிலிருந்து நேராக லஸ் பக்கத்தில் சீனியர் வீட்டுக்கு ஓடினேன். நடந்ததைச் சொன்னதும், அவர் காபி குடித்துக்கொண்டே கேட்டார்.

"ஏண்டா, ஹைகோர்ட்டுல போய்க் குழாயடிச் சண்டையா போடச் சொல்றே?"

"இல்ல சார், முறை ஆளோட போறதில்ல..."

"புரியறது. ஆனா அங்கே குடம் இருந்தது. சர்க்கார் ஆபீஸ்ல உன் குடம் எங்கே? முறை போகலேன்னு எதைக் காட்டுவே?"

மாலையில் கட்சிக்கார அம்மா சீனியர் அறைக்கு வந்ததும் முதல் வேலையாக, அந்த இடம் காலியாக இருந்த வருஷம் அங்கே என்ன நடந்தது என்று கேட்டேன்.

"என்ன நடக்கும் சார்? நாற்காலி சும்மா கெடந்துச்சு. அதுக்கப்புறம் காலியான இடத்துக்குக்கூட ஆள் போட்டாங்க, இதுக்குப் போடல. யாராச்சும் உக்காந்தா மேனேஜரே, 'யோவ், அது ரிசர்வேஷன் சீட்டு, எந்திரி'ன்னு வெரட்டுவாரு. ஃபைல்தான் அடுக்கி வச்சிருந்தாங்க."

சீனியர் பேனாவை மூடினார். "வருஷம் பூராவுமா?"

"நான் பாஸ் பண்ற வரைக்கும் சார்."

குடம் கிடைத்துவிட்டது! ஃபைல்களைச் சுமந்துகொண்டு, அது தன் இடத்திலேயே நின்றிருந்திருக்கிறது.

"மேனேஜர் சொன்னதையும் சேர்த்து ஓர் அஃபிடவிட் போடு," என்றார் சீனியர். "திங்கக்கிழமை இதை நீயே எழுந்து சொல்லு. நான் பக்கத்துல உக்காந்திருக்கேன்."

கோர்ட்டில் வாய்தா கேட்பதற்கு மட்டுமே இதுவரை வாயைத் திறந்தவன் நான். திங்கட்கிழமை ஒன்றே ஒன்று கேட்கப்போகிறேன்: முறை போய்விட்டதென்றால், அந்த நாற்காலியில் ஒருவரையும் உட்காரவிடாமல் யாருக்காகக் காத்தீர்கள்? குடம் என்ற பேச்சே எடுக்கக்கூடாது என்பது சீனியர் கட்டளை. முயன்று பார்க்கிறேன்.