முதல் வாய்

என் வீட்டுக்காரருக்கு ஆத்துமப் பூசை வைத்து எட்டாவது மாதம், அவரே நடந்து வந்து வாசலில் நின்றார். போர் முடிந்து சிங்கப்பூரிலிருந்து தூத்துக்குடிக்கு ஆட்கள் திரும்பிக்கொண்டிருந்த நேரம். நாலு வருடமாக அவரிடமிருந்து ஒரு கடுதாசி இல்லை. கூடப் போனவர்களில் ஒருவர் முதலில் வந்து, அவரைக் குழியில் இறக்கியதைக் கண்ணால் பார்த்ததாகச் சொன்னார். பார்த்தது வேறு யாரையோ. நாங்கள் நம்பிவிட்டோம். உடல் இல்லாததால் கோயிலில் வெறும் பெட்டியை வைத்து, கறுப்புத் துணி போர்த்தி, சுற்றிலும் மெழுகுவர்த்தி கொளுத்திப் பூசை நடத்தினோம். கல்லறைத் திருநாளில் இறந்தவர்களின் பெயர்களோடு அவர் பெயரையும் வாசித்தார்கள். அழுது முடித்த ஆளை மறுபடி உள்ளே வாருங்கள் என்று கூப்பிட வேண்டியிருந்தது எனக்கு.

மாமியாருக்குச் சந்தோஷத்தில் கால் தரையில் பாவவில்லை. நானோ அவரைவிட்டு இரண்டடி தள்ளியே நின்றேன். உருவம் அவருடையதுதான். இடது காது மடலில் சின்ன வயதில் கிழிபட்ட தழும்புகூட அப்படியே இருந்தது. ஆனால் பேச்சு இல்லை. என் முகத்தைப் பார்ப்பதில்லை. கூப்பிட்டால் திரும்பமாட்டார், யாரும் கூப்பிடாத நேரத்தில் சட்டென்று திரும்பிப் பார்ப்பார். பங்குச் சாமியாரிடம் போய்ச் சொன்னேன். வைத்த பூசையின் பலன் வேறு ஏதாவது ஆத்துமாவுக்குப் போகட்டும், நீ போய்க் குடித்தனத்தைப் பார் என்றார். சொல்வது அவருக்குச் சுலபம். மணப்பாட்டிலிருந்து வந்து பார்த்த என் அண்ணன், பயமாக இருந்தால் எங்களோடு வந்துவிடு, அடுத்த மாதம் முதல் ஞாயிற்றுக்கிழமை வண்டி கொண்டுவருகிறேன் என்றான். சரி என்று சொல்லிவிட்டேன். விதவையாக இருக்கப் பழகியிருந்தேன். செத்தவரோடு குடித்தனம் நடத்த எனக்குத் தெரியாது.

வந்த இரண்டாவது சனிக்கிழமை அவர் கடைத்தெருவிலிருந்து உருளைக்கிழங்கு வாங்கிவந்தார். அவர் சங்கு குளிக்கிற ஆள். வீட்டில் தண்ணீர்கூடத் தானே மொண்டு குடித்தவரில்லை. சங்கு சரியாக இல்லாத ஒரு வருடம் கப்பலில் எடுபிடியாகப் போய், சிங்கப்பூரில் இறங்கி, ஜப்பான்காரர்கள் வந்த பிறகு அவர்களுடைய அதிகாரிகளின் சமையற்கட்டில் மாட்டிக்கொண்டார். இவ்வளவைத்தான் மாமியார் அவர் வாயிலிருந்து பிடுங்கியிருந்தார்.

என்னை நகரும்படி கைகாட்டிவிட்டு அடுப்புமுன் உட்கார்ந்தார். கிழங்கைத் தோலோடு அவித்து, சூடு ஆறுவதற்குள் உரித்து, பாதியை மசித்துப் பாதியைக் கட்டியாகவே விட்டார். சூட்டோடு சூடாக அதன்மேல் பனங்கள்ளைப் புளிக்கவைத்து எடுத்த வினாகிரியைத் தெளித்தார். வெள்ளரிக்காயை மெல்லிசாக அரிந்து, உப்பில் பிசறி, தண்ணீர் விட்டதும் உள்ளங்கையில் வைத்துப் பிழிந்தார். வெங்காயத்தைத் தண்ணீரில் ஊறப்போட்டு எடுத்தார். பிறகு பச்சை முட்டையின் மஞ்சள் கருவைக் கிண்ணத்தில் விட்டு, கடலை எண்ணெயைச் சொட்டுச் சொட்டாக ஊற்றி, ஒரே பக்கமாக அடித்துக்கொண்டே இருந்தார். அது வெளுத்துத் தடித்து வந்தபோது எனக்குக் குமட்டியது. எல்லாவற்றையும் ஒன்றாகக் கிளறி ஆறவைத்தார். மிளகாய் இல்லை, தாளிதம் இல்லை. சீக்காளிக்குக்கூட நான் அப்படி ஒன்றைக் கொடுக்கமாட்டேன்.

மூன்று தட்டில் வைத்தார். நான் கையை நீட்டியதும் மணிக்கட்டைப் பிடித்து நிறுத்தினார். அவர் கை சில்லென்று இருந்தது. தன் தட்டிலிருந்து ஒரு வாய் தின்றார். அப்புறம் இரண்டு கைகளையும் முழங்கால்மேல் வைத்து, சுவரைப் பார்த்தபடி உட்கார்ந்துவிட்டார். மாமியார் ஏதோ வேண்டுதல் என்று நினைத்து ஜெபமாலையை எடுத்தார். ஐம்பத்துமூன்று மணியும் முடிந்தது. அதுவரை அவர் அசையவில்லை. நெஞ்சு ஏறி இறங்குவதும் தெரியவில்லை. கடலுக்கடியில் மூச்சை அடக்கிப் பழகியவர்தான். ஆனால் எங்கள் வீட்டுத் தரையில் கடல் எங்கே இருக்கிறது? ஒரு ஈ அவர் உதட்டில் உட்கார்ந்து நடந்தது. விரட்டவில்லை. பிறகு நீளமாக ஒரு மூச்சு விட்டு, தட்டுகளை எங்கள் பக்கம் தள்ளினார். மாமியார் மகன் சமைத்ததென்று தின்றார். நான் என் பங்கைக் கோழிக்குப் போட்டேன்.

அடுத்த சனிக்கிழமையும் அதேதான். அன்று மெல்லப் பக்கத்தில் போய் அவர் மூக்கருகே விரலை வைத்துப் பார்த்தேன். காற்று படவில்லை. அன்றைக்கே என் துணிமணிகளை மூட்டையாகக் கட்டிவிட்டேன்.

அண்ணன் வரவேண்டிய ஞாயிற்றுக்கு முந்தின நாள் மத்தியானம் மாமியார் கோயிலுக்குப் போயிருந்தார். வீட்டுக்காரர் கிழங்கைப் பிசைந்து இரண்டு தட்டில் வைத்தார். பயந்து பயந்து எனக்கு அலுத்துப்போயிருந்தது. அன்று கோபம்தான் வந்தது. அவர் கை நீளுவதற்குள் என் தட்டிலிருந்து அள்ளி வாயில் போட்டு விழுங்கிவிட்டேன். புளிப்பும் உப்புமாக, சொல்லப்போனால் நன்றாகவே இருந்தது.

அவர் முகம் வெளிறிப்போனது. என் இரண்டு கைகளையும் இறுகப் பிடித்துக்கொண்டு என் முகத்தையே பார்த்தார். திரும்பி வந்த நாளிலிருந்து அதுதான் முதல் தடவை.

“ஏளா, நாக்கு மரத்துப்போகுதா?” என்றார்.

இல்லை என்றேன். கண் இருட்டுகிறதா என்று கேட்டார். அதுவும் இல்லை என்றேன். என் முகத்திலிருந்து கண்ணை எடுக்காமலே மெதுவாகச் சொன்னார். அங்கே சாப்பாட்டில் யாராவது விஷம் வைத்துவிடுவார்கள் என்று அதிகாரிகளுக்குப் பயமாம். சமைத்தவன்தான் முதல் வாய் தின்ன வேண்டும். அவன் சாகிறானா என்று அரை மணி நேரம் சுற்றி உட்கார்ந்து பார்ப்பார்களாம். அவருக்கு முன்னால் அந்த வேலையில் இருந்தவன் ஒரு நாள் உட்கார்ந்தபடியே சாய்ந்துபோனான். விஷம் வைத்தது யாரென்று கடைசிவரை தெரியவில்லை. அவன் உட்கார்ந்த இடத்தில்தான் மறுநாள் இவரை உட்காரவைத்தார்கள். மூன்று வருடம், தினமும்.

சொல்லி முடித்த பிறகும் கையை விடவில்லை. அவர் பார்க்கப் பார்க்க எனக்கும் என் மூச்சின் மேலேயே கவனம் போனது. நெஞ்சு அடைப்பதுபோல் இருந்தது. நான் உண்மையிலேயே சாகப்போகிறேன் என்று ஒரு நிமிடம் நம்பினேன். அரை மணி நேரமும் கழிந்து கோயிலில் மணி அடித்தது.

“ஏளா, நீ பொழச்சிட்ட,” என்று கையை விட்டார்.

“நீங்க?” என்றேன்.

அவர் திரும்பவும் சுவரைப் பார்த்துக்கொண்டு, “எனக்கு இன்னும் நேரம் முடியல,” என்றார்.

மறுநாள் காலையில் அண்ணன் வண்டியோடு வந்தான். நான் வரவில்லை என்றேன். அவ்வளவு தூரம் வந்த ஆத்திரத்தில் காரணம் கேட்டான்.

“அவுக ஒத்தையில உக்காந்திருக்காவ,” என்றேன்.