டோனலுக்கு ஒரு பூசை

டீலியா ஹெஷனுக்குக் கடலைக் கண்டாலே பிடிக்காது. இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் எங்கள் ஊரில் இதை நம்புகிறவன் நான் ஒருவன்தான். உப்புக்காற்று துணியைக் காயவிடாது, சன்னல் கம்பியை அரித்துவிடும், மீன் நாற்றம் தலைமுடியில் ஏறினால் இறங்காது என்று என் கசாப்புக்கடையில் நின்று அவள் திட்டாத நாளில்லை. வாய் ஓயாது. மார்கழிச் சீட்டாட்டத்தில் ஆண்களையெல்லாம் மண்ணைக் கவ்வ வைத்துவிட்டு, நான் பரிசாகக் கொடுக்கும் வான்கோழியைக் காலைப் பிடித்துத் தூக்கிக்கொண்டு போவாள். அம்மா செத்தபிறகு படகுத்துறைக்கு மேலே இருக்கும் வீட்டில் தனியாக இருந்தாள். கோடையில் மீன்பிடிக்க வருகிறவர்களுக்கு இரண்டு அறைகளை வாடகைக்கு விட்டுக் காலத்தை ஓட்டினாள்.

அப்படித் தங்க வந்தவன்தான் ஃபென்விக் என்ற இங்கிலாந்துக்காரன். அந்தக் கோடை முழுக்க மழை. தூண்டிலைக் கையால்கூடத் தொடவில்லை அவன். சன்னலோரம் உட்கார்ந்திருப்பான், இல்லாவிட்டால் தொப்பலாக நனைந்துகொண்டு ஊரைச் சுற்றுவான். டீலியா அவனுக்கு வேளாவேளைக்குப் பன்றி இறைச்சியும் முட்டைக்கோசும் வைத்தாள், கேட்காமலேயே ஊர்க்கதை அத்தனையும் சொன்னாள். நல்ல மனுஷன், எதைச் சொன்னாலும் தலையாட்டுகிறான் என்று என்னிடம் மெச்சிக்கொண்டாள். அவன் போய் இரண்டு வருஷம் கழித்து ஒரு நாவல் வந்தது.

நாவலில் மேவ் என்று ஒருத்தி. வாயே திறக்கமாட்டாள். படகுத்துறைக்கு மேலே ஒரு வீட்டில், கறுப்புச் சால்வையைப் போர்த்திக்கொண்டு, கடலில் போன டோனலுக்காகச் சன்னலில் காத்திருக்கிறாள். டீலியாவிடம் கறுப்புச் சால்வையே கிடையாது. கால்வே பட்டணத்திலிருந்து தருவித்த மஞ்சள் மழைக்கோட்டு ஒன்றுதான் உண்டு, அதைப் போட்டுக்கொண்டு வந்தால் அரை மைல் தூரத்திலேயே தெரியும். டோனல் என்று ஒருவன் எங்கள் ஊரில் பிறக்கவும் இல்லை, சாகவும் இல்லை.

அந்த நாவலில் ஒரு பக்கம் உண்டு. மேவும் டோனலும் படகுக் கொட்டகையில் இருக்கும் பக்கம். அந்தப் பக்கத்துக்காக அரசாங்கம் புத்தகத்தைத் தடைசெய்தது. தடை வந்ததா, அவ்வளவுதான், எழுத்துக்கூட்டிப் படிக்கிறவன்கூடப் படித்துவிட்டான். லிவர்பூலில் வேலை பார்க்கும் பிள்ளைகளின் பெட்டிகளில், கம்பளி உள்ளாடைகளுக்கு நடுவே மூன்று பிரதிகள் வந்தன. அவற்றில் ஒன்று என் கடையில் இறைச்சித் தாளில் பொதிந்து கைமாறியது. ஆனால் படித்தேன் என்று எவரும் வாயைத் திறக்கவில்லை. சொன்னால் பாவத்தை ஒப்புக்கொள்ளப் பாவசங்கீர்த்தனத்தில் எங்கள் பங்குச் சாமியார் மெல்லட்டிடம் மண்டியிட்டாக வேண்டும். அவரோ தடை என்றால் தடை என்கிறவர். அட்டையைக்கூடப் பார்க்காதவர்.

சனங்கள் ஏன் அதை நம்பினார்கள் என்று கேட்டால், மற்றதெல்லாம் அச்சு அசலாக இருந்ததுதான் காரணம். படகுத்துறையில் உடைந்த படி இருந்தது. கேனவன் மதுக்கடைக் கடிகாரம், குடிக்கிறவர்களை நேரத்தோடு கிளப்ப, வேண்டுமென்றே முன்னால் ஓடுவது இருந்தது. ஒரு கேள்வி கேட்டால் நாங்கள் இன்னொரு கேள்வியால் பதில் சொல்வது, விடைபெற்றபிறகு வாசலில் நின்று முக்கால் மணி நேரம் பேசுவது, எல்லாம் இருந்தது. கேனவன் சாதாரணமாக உம்மணாமூஞ்சி. நாவலில் அவன் நக்கல் பேசுகிறவனாக வருகிறான். ஒரே மாதத்தில் நிஜக் கேனவன் அந்த நக்கல்களையெல்லாம் மனப்பாடமாகப் பேச ஆரம்பித்தான், அவனுடையவை என்றே நினைத்துக்கொண்டு. என்னைப் பற்றி ஒரு வரி இல்லை. என் நாயைப் பற்றி அரைப் பக்கம் இருந்தது. நாய் சரியாக இருந்தால் டோனலும் சரியாகத்தான் இருக்கவேண்டும் என்று ஊர் முடிவுகட்டிவிட்டது.

அதற்குப்பின் டீலியா கடைக்குள் வந்தால் பெண்கள் குரலைத் தாழ்த்திக்கொண்டார்கள். சீட்டாட்டத்துக்கு அவளைக் கூப்பிடுவதை நிறுத்தினார்கள், பாவம் அவள் மனசு எப்படியிருக்குமோ என்று. இங்கிலாந்திலிருந்து வந்த தம்பதிகள் படகுத்துறையில் நின்று அவள் சன்னலை அண்ணாந்து பார்த்தார்கள். அவள் திரை போட்டாள். துக்கம் முற்றிவிட்டது, திரை போட்டுவிட்டாள் என்றார்கள். எனக்கு வந்த ஆத்திரத்தில் நாலு பேரைக் கடையைவிட்டே வெளியே போகச் சொன்னேன்.

ஒருநாள் அவள் இறைச்சி வாங்க வந்து, வாங்காமலே நின்றாள். "சிரிச்சா துக்கத்த மறைக்கிறாளாம் கோல்மன். சிரிக்கலேன்னா துக்கம் தாங்கலயாம். இந்த மூஞ்சிய நான் எங்கதான் கொண்டுபோய் வெச்சுக்கறது, சொல்லு."

"அது நீ இல்லேன்னு சொல்லேன்" என்றேன்.

"யார்கிட்ட? எந்தப் புத்தகத்துல நான் இல்லேன்னு சொல்றது? அந்தப் புத்தகத்தத்தான் யாருமே படிக்கலியே."

சரியாகத்தான் சொன்னாள். படிக்காத புத்தகத்தை எப்படி மறுப்பது? ஊர் முழுக்க அவளை அதற்குள் தள்ளிப் பூட்டிவிட்டு, அப்படி ஒரு புத்தகமே தெரியாது என்று நின்றது.

இந்த நேரத்தில்தான் லூக் ஃபாஹி வந்தான். மாட்டுத்தீவனம் ஏற்றிவரும் லாரிக்காரன். பெண்டாட்டி செத்துப் பல வருஷம் ஆனவன், கடலைவிட்டுத் தள்ளி உள்பக்கத்து ஊர்க்காரன். பேச்சுக் குறைவு, கோவில் பக்தி அதிகம். அவள் பேசினாள், அவன் கேட்டுக்கொண்டிருந்தான். பிறகு அவள் பேச்சைக் கேட்பதற்கென்றே தேவையில்லாத இடத்திலெல்லாம் லாரியை நிறுத்தினான். ஒரு ஞாயிற்றுக்கிழமை அவன் வீட்டைப் பார்த்துவிட்டு வந்தவள், தலைவாசலிலிருந்தே என்னைக் கூப்பிட்டுச் சொன்னாள். "எந்தச் சன்னலத் தொறந்தாலும் வெறும் மாடுதான் கோல்மன். மாட்டுக்குப் பின்னால புல்லு. புல்லுக்குப் பின்னால திரும்பவும் மாடு." அன்றைக்கு அவளுக்கு இருபது வயது என்று சொன்னால் நம்பியிருப்பேன்.

லூக்கின் காதிலும் கேனவன் கடையில் யாரோ ஓதிவிட்டார்கள். அவன் நேராக அவளிடமே போய்க் கேட்டான். அதுவரை எவரும் அவளிடம் நேராகக் கேட்டதில்லை. அப்படி ஒருவன் இல்லவே இல்லை, இங்கிலாந்துக்காரனின் கற்பனை என்று அவள் அம்மாவின் கல்லறை மேல் சத்தியம் செய்தாள். லூக் யோசித்தான். புத்தகக்காரன் பொய் சொல்லத்தானே காசு வாங்குகிறான் என்று சொல்லிவிட்டு, அதோடு அந்தப் பேச்சை விட்டான். நவம்பர் இரண்டாம் ஞாயிறு பூசைக்கு இங்கே வருவது, பூசை முடிந்ததும் இரண்டு பேருமாகச் சாமியாரைப் பார்த்துக் கோவிலில் கல்யாண அறிவிப்பு ஓலை வாசிக்கப் பெயர் கொடுப்பது என்று முடிவாயிற்று. இந்த ஊரைவிட்டுப் போக அவளுக்கு இருந்த ஒரே கதவு அது. ஊருக்கே தெரியும். ஊருக்கே சந்தோஷமும்தான், அதை நான் மறைக்கமாட்டேன்.

எல்லோரையும்விடச் சந்தோஷப்பட்டவள் கேனவனின் பெண்டாட்டி பெஸ்ஸி. ஒரு ஈக்குக்கூடத் தீங்கு நினைக்காதவள். டீலியாவுக்குக் கல்யாணப் பரிசாக என்ன செய்யலாம் என்று அவள் பல நாள் யோசித்திருக்கிறாள். நவம்பர் எங்களுக்கு இறந்தவர்களின் மாதம். கடலில் கிடக்கும் அந்த ஆத்துமாவுக்கு ஒரு பூசை வைத்துவிட்டால், அவன் சாந்தியடைந்து புது வாழ்க்கைக்குக் குறுக்கே வராமல் இருப்பான் என்று அவளுக்குத் தோன்றிவிட்டது. சாமியாரிடம் போய்ப் பூசைக்குக் காசு கொடுத்துப் பெயரைச் சொன்னாள். அவர் இந்தப் பங்குக்கு வருமுன்னே மாண்டவன் என்று நினைத்து எழுதிக்கொண்டார். அவருக்கு எப்படித் தெரியும் அது காகிதத்தில் செத்தவன் பெயர் என்று?

அந்த ஞாயிறு கோவிலில் இடமில்லை. ஆண்கள் வழக்கம்போலப் பின்னால் தொப்பியைத் தரையில் போட்டு அதன்மேல் ஒரு முழங்காலை ஊன்றியிருந்தோம். லூக் எனக்கு அடுத்தபடியாக இருந்தான், புதுக் காலர் கழுத்தை அறுக்க. டீலியா முன்வரிசையில், மஞ்சள் மழைக்கோட்டில். சாமியார் மெல்லட் பிரசங்கத்துக்கு முன்னால் பலிபீடத்திலிருந்து திரும்பி அறிவித்தார். இன்றைய பூசை, இந்தப் பங்கைச் சேர்ந்த, கடலில் மாண்ட டோனலின் ஆத்தும இளைப்பாற்றிக்காக. டீலியா ஹெஷனின் நேசர்கள் ஒப்புக்கொடுக்கிறார்கள்.

மூன்று பிரதிகளைக் கைமாற்றிப் படித்த முந்நூறு பேர் குனிந்து தரையைப் பார்த்தோம். இது நாவலில் வருகிற பெயர் சாமி என்று ஒருவர் எழுந்து சொன்னால் போதும். சொன்னவர் தடைசெய்த புத்தகத்தை, அந்தப் பக்கம் உட்பட, படித்ததாகப் பலிபீடத்தின் முன்னால் ஒப்புக்கொள்ளவேண்டும். டீலியாவின் முதுகு நிமிர்ந்தது. எழுந்துவிடுவாள் என்று நினைத்தேன். பக்கத்தில் பெஸ்ஸி அவள் கையைப் பிடித்துக்கொண்டு, கண்ணில் நீரோடு, எவ்வளவு நல்ல காரியம் செய்தோம் என்ற முகத்தோடு அவளையே பார்த்துக்கொண்டிருந்தாள். டீலியா எழவில்லை.

லூக் என் பக்கம் திரும்பவே இல்லை. புத்தகம் பொய் சொல்லும் என்று அவனுக்குத் தெரியும். பலிபீடமும் பொய் சொல்லும் என்று அவனுக்கு யார் கற்றுக்கொடுத்திருக்கிறார்கள்?

பூசை முடிந்து வாசலில் வரிசை நின்றது. யாரும் நிற்கச் சொல்லவில்லை. எங்கள் கால்களுக்கு அது பழக்கம், இழவு என்றால் தானாகவே வரிசையாகிவிடும். ஒவ்வொருவராக வந்து டீலியாவின் கையைப் பிடித்து, "உன் துக்கத்துல எனக்கும் பங்கு உண்டு" என்று சொல்லி நகர்ந்தார்கள். அவள் ஒவ்வொருவருக்கும், "வந்தீங்களே, ரொம்ப நன்றி" என்றாள். வேறென்ன சொல்வாள்? அந்த இடத்தில் வேறு வார்த்தையே எங்களுக்குக் கிடையாது. நான் வரிசையில் சேரவில்லை. மதிலோரம் நின்று, லூக் எங்கே என்று தேடினேன். லாரிக்குப் போகமாட்டான், நேராக அவளிடம் வந்து என்ன இது என்று கேட்பான், அவள் சொல்வாள், அவன் நம்புவான் என்று இருந்தேன்.

அவன் வரிசையின் கடைசியில் நின்றான். அவன் முறை வந்ததும் தொப்பியைக் கழற்றிக் கக்கத்தில் வைத்துக்கொண்டான். அவள் கையை இரண்டு கையாலும் பிடித்தான்.

"உன் துக்கத்துல எனக்கும் பங்கு உண்டு, டீலியா" என்றான்.

அவள் அவன் முகத்தை நிமிர்ந்து பார்த்தாள். வாய் திறந்தது. வாழ்நாள் முழுக்கப் பேசிக்கொண்டே இருந்த வாய். பிறகு, "வந்தீங்களே, ரொம்ப நன்றி" என்றாள். லாரி கிளம்பி மேட்டில் ஏறுகிற சத்தம் எங்கள் எல்லோருக்கும் கேட்டது.

சாமியார் மெல்லட் அங்கியைக் கழற்றிவிட்டுக் கையைத் தேய்த்துக்கொண்டே வந்தார். நீங்கள் ஏதோ பேசவேண்டும் என்று சொல்லியிருந்தீர்களே, என்ன விஷயம் என்று கேட்டார்.

டீலியா மழைக்கோட்டின் பொத்தான்களைக் கழுத்துவரை போட்டுக்கொண்டாள். "அடுத்த வருஷப் பூசைக்கும் டோனல் பேர எழுதிக்கங்க சாமி" என்றாள். "அதுக்குக் காசு நானே குடுக்கறேன். நான்தான குடுக்கணும்."