நின்ற காரின் வேகம்

நம்பாதவர்கள் சிரித்துவிட்டுப் போகலாம். மீனலோசனிக்கு இது நடந்தது. சுடுகாட்டில் இல்லை. நள்ளிரவிலும் இல்லை. 1998-இல், மலேசியாவின் கிள்ளானில், அவளுடைய சொந்த வொர்க்‌ஷாப்பில், ஒரு வியாழக்கிழமை மாலை. வெளியே மழை. உள்ளே எல்லா விளக்கும் எரிந்துகொண்டிருந்தது.

பிரிக்பீல்ட்ஸில் ரயில்வே உத்தியோகக் குடும்பத்தில் பிறந்தவள் கிரீஸ் கையோடு நிற்பது அவள் அண்ணன் சிவசம்புவுக்குப் பிடிக்கவே இல்லை. கட்டடம் இருவர் பெயரிலும் இருந்தது. அதை விற்க ஆள் பார்த்துவிட்டான். கிள்ளானை அடுத்த மேருவில் உள்ள ஒரு தொழிற்சாலை, தன் வேன்களை அவளிடம் விட யோசித்துக்கொண்டிருந்தது. அந்த வேலை கிடைத்தால் விற்பதில்லை என்று மட்டும் அண்ணன் இறங்கி வந்திருந்தான். தொழிற்சாலை அதிகாரி மறுநாள் காலை வருகிறார். காரின் கோளாறைக் கம்ப்யூட்டர் எப்படிப் படிக்கிறது என்று அவர் கண்ணால் பார்க்க வேண்டுமாம்.

அன்று மாலை, கோளாறு படிக்கும் அந்த மென்பொருள் திறக்கவில்லை.

அது உரிமத்தோடு வாங்கியது. ஒவ்வொரு கம்ப்யூட்டருக்கும் ஓர் அடையாள எண் உண்டு. பதிவான எண்ணைக் கண்டால்தான் அது திறக்கும். திரையில் சிவப்பு எழுத்து, இது உரிமம் பெற்ற கம்ப்யூட்டர் அல்ல என்றது. அதன் கீழே ஓர் எண். விற்ற கம்பெனிக்குப் போன் செய்தாள். அங்கே வேலை செய்யும் சாந்தமேரி எடுத்தாள்.

"அக்கா, நம்பரை இன்னொரு தடவ வாசிங்க."

வாசித்தாள். சாந்தமேரி அதைப் பதிவேட்டில் தேடினாள்.

"இது உங்க நம்பர் இல்லக்கா. காப்பார்ல லியனார்ட்னு ஒரு மெக்கானிக். அவரோட லேப்டாப் நம்பர்லா இது."

"அவர் லேப்டாப் என் கடையில எப்படிம்மா இருக்கும்?"

"அதான் எனக்கும் புரியல. ரெண்டு வருஷமா அவர் ரினியூ பண்ணல. போன் போட்டாலும் எடுக்க ஆளில்ல."

மீனலோசனி போனை வைத்தாள். மென்பொருளோடு கம்பெனி கொடுத்து, பிரிண்டர் துளையில் செருகியிருந்த சிறு உரிமச் சாவியைக் கழற்றி, துடைத்து, மறுபடி செருகினாள். அதே எண். ஹார்ட் டிஸ்கை மாற்றினாள். அதே எண். முன்னறையில் பில் அடிக்கும் கம்ப்யூட்டரைத் தூக்கி வந்து, மென்பொருளைப் புதிதாக ஏற்றினாள்.

அதே எண்.

"எல்லாத்தையும் மாத்தியாச்சுக்கா," என்றான் கபிரியேல். பத்து வருடமாக அவளோடு இருக்கும் மெக்கானிக். குரல் இறங்கியிருந்தது.

எல்லாவற்றையும் இல்லை. மிச்சம் ஒன்று இருந்தது. பழுதுக்கு வந்து நின்ற காருக்குப் போகும் கேபிள்.

தன் பழைய கம்ப்யூட்டரையே மறுபடி பொருத்தி, கேபிளைப் பிடுங்கினாள். அவளுடைய எண் வந்தது. செருகினாள். லியனார்டின் எண்.

"கார்ல இருக்கறது நம்ம கம்ப்யூட்டர் நம்பரை மாத்துமா கபிரியேல்?"

"மாத்தவே மாத்தாது."

"மாத்துதே. அந்தக் காருக்கு என்ன போட்ட?"

"இன்ஜினோட கம்ப்யூட்டர் பாக்ஸ் மட்டும்தான். பழைய சாமான் யார்டுல வாங்கினேன். ஜப்பான் சரக்குன்னான் தவுக்கே."

நல்ல சாமான் என்றால் ஜப்பான் என்று யார்டு முதலாளிகள் சொல்வார்கள். வாங்குகிறவர்களும் மேலே கேட்பதில்லை. கடையில் அன்று கம்ப்யூட்டரோடு பேசக்கூடிய கார் அது ஒன்றுதான்.

திடீரென்று சிவப்பு எழுத்து மறைந்தது. யாரும் எதையும் தொடவில்லை. மென்பொருள் தானாகத் திறந்தது. திரையில் காரின் வேகம்... பூஜ்யம். பிறகு பன்னிரண்டு.

கார் அசையவில்லை. அதன் சாவி அவள் கையில் இருந்தது.

நாற்பது. எழுபது.

காருக்குள்ளிருந்து சத்தம் வந்தது. டக்... டக் டக்... யாரோ கீபோர்டில் தட்டுவது போல.

"கேக்குதாக்கா?"

"கேக்குது."

நூற்றுப்பத்து. சட்டென்று திரை இருண்டது. மறுபடி பூஜ்யம். மறுபடி பன்னிரண்டு. ஒவ்வொரு முறையும் பக்கத்தில் ஒரு வரி மட்டும் மாறவே இல்லை. பிரேக்: இல்லை.

கபிரியேல் சிலுவை போட்டுக்கொண்டான். "ஃபாதரைக் கூட்டியாரேன்கா."

"ஃபாதர் வந்து பிரேக் பிடிப்பாரா? நீ திரையைப் பார்த்து வாசி."

அவள் கார்க் கதவைத் திறந்தாள். சத்தம் நிற்கவில்லை. பக்கத்து இருக்கை காலியாக இருந்தது. ஓட்டுநர் இருக்கையில் உட்கார்ந்தாள். உள்ளே பனிக்கட்டிக் குளிர்.

"நாப்பது... அறுவது... அக்கா, வெளிய வந்துருங்க!"

"வாசிடா!"

"எம்பது..."

பிரேக்கை மிதித்தாள். அது அவள் காலைத் திருப்பித் தள்ளியது.

"பிரேக் ஆன்! ஆனா ஏறுதுக்கா... நூறு..."

இரண்டு காலையும் வைத்து எழுந்து நின்று மிதித்தாள்.

"நீ யாரா இருந்தா எனக்கென்ன? இது என் கடை. நான் சொன்னாதான் இங்க ஓடும். நில்லு!"

"நூத்திப்பத்து... நூத்திப்பத்து..."

"நில்லு!"

"தொண்ணூறு..."

டக்... டக்...

"அம்பது."

டக்...

"சைபர்."

சத்தம் நின்றது.

வெளியே மழை மட்டும்.

கேபிள் செருகியபடியே இருந்தது. திரையில் அவளுடைய எண்.

மறுநாள் அதிகாரி வந்தார், பார்த்தார், வேன்களை அனுப்புவதாகச் சொல்லிவிட்டுப் போனார். சிவசம்பு வாக்கு மாறவில்லை. ஆனால் கதையைக் கேட்டதும், "அந்தச் சனியனைக் கழட்டி வீசு" என்றான்.

"அது நின்னுருச்சுண்ணே. இனி எதுக்கு வீசணும்?" என்றாள். வீசவில்லை.

யார்டு தவுக்கேயைக் கபிரியேல் நெருக்கிப் பிடித்ததில் உண்மை வந்தது. ஜப்பான் சரக்கு இல்லை. இரண்டு வருடம் முன்பு காப்பாரில் விபத்துக்குள்ளான காரிலிருந்து கழற்றியது. லியனார்ட் லேப்டாப்பை மடியில் வைத்துக்கொண்டு, தனியாக, அந்தக் காரை ஓட்டிச் சோதித்திருக்கிறார். நின்றிருந்த லோரியின் பின்னால் போய் மோதி இறந்திருக்கிறார். சாலையில் பிரேக் பிடித்த தடமே இல்லையாம்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை மீனலோசனி காப்பாருக்குப் போனாள். லியனார்டின் மனைவி மகதலேனா தேநீர் கொடுத்தாள். மீனலோசனி குடித்துவிட்டுக் கோப்பையைக் கீழே வைத்தாள்.

"அவரோட லேப்டாப் இப்ப யார்கிட்ட இருக்கு ஆன்டி?"

மகதலேனா அவளைப் புரியாமல் பார்த்தாள்.

"யார்கிட்டயும் இல்லையேம்மா. அடக்கம் பண்றப்ப அவரோட பெட்டியிலயே வெச்சேன். அவர் ரெண்டு கையையும் எடுத்து அது மேல வெச்சதே நான்தான்."